ஒலியைச் செதுக்கிய ஹலீம் அல்-தப்

இசை என்றவுடன் பண்ணும் தாளமும் கருவிகளும் நம் நினைவில் எழுகின்றன. பதிவு செய்யப்பெற்ற ஒலியையே மூலப்பொருளாகக் கொண்டு இசை படைக்கலாம் என்னும் எண்ணம் இருபதாம் நூற்றாண்டில் மலர்ந்தது. 1948இல் பாரிசு வானொலியில் பியர் ஷெஃபர் புகைவண்டி ஒலிகளைக் கொண்டு ஆக்கிய படைப்பே இத்துறையின் தொடக்கம் என இசை வரலாற்றாசிரியர் நெடுங்காலம் எழுதிவந்தனர். அதற்கு நான்காண்டுகள் முன்னரே, 1944இல், கெய்ரோ நகரில் இம்முயற்சி நிகழ்ந்தது என்பது ஈண்டு எண்ணத்தக்கது. நிகழ்த்தியவர் ஹலீம் அல்-தப்.

1921இல் கெய்ரோவில் கிறித்தவக் குடும்பமொன்றில் பிறந்த இவர், வேளாண்மை பயின்றவர். வானொலி நிலையமொன்றிலிருந்து கம்பி ஒலிப்பதிவுக் கருவியை இரவல் பெற்றார். ஒலிநாடா பரவலாவதற்கு முன், மெல்லிய எஃகுக் கம்பியைக் காந்தமாக்கி ஒலியைப் பதித்த கருவி அது. அதனைக் கொண்டு, பெண்கள் கூடிப் பாடி நோய் தீர்க்க முயலும் ‘ஸார்’ சடங்கின் ஒலியைப் பதிவு செய்தார். இச்சடங்கினை மார்க்க அறிஞர் பலர் ஏற்பதில்லை. ஹலீம் நாடியது சடங்கின் பயனை அன்று. அக்குரல்களுக்குள் மறைந்திருந்த ஒலியையே.

ஒரு குரலில் அடிப்படைச் சுரத்தோடு மேற்சுரங்களும் கலந்தே ஒலிக்கின்றன. நம் செவி அடிப்படைச் சுரத்தையே முதன்மையாக உணர்கிறது. ஹலீம் அதனைக் குறைத்து, மேற்சுரங்களை மேலோங்கச் செய்தார். எதிரொலி சேர்த்து மீண்டும் பதிந்தார். சொற்கள் கரைந்தன; அலைபோல் எழுந்து தேயும் ஓசையே எஞ்சியது. வேண்டாதன நீக்கி உருவம் காணும் சிற்பியின் செயலை இஃது ஒத்தது. அவ்வாண்டிலேயே கெய்ரோவின் கலைக்கூடமொன்றில் மக்கள் இதனைச் செவிமடுத்தனர்.

1950இல் அமெரிக்கா சென்ற ஹலீம், 1959இல் கொலம்பியா-பிரின்ஸ்டன் மின்னணு இசை மையத்தில், லைலா மஜ்னூன் கதையைத் தழுவி ‘லைலாவும் கவிஞனும்’ என்னும் படைப்பை உருவாக்கினார். கென்ட் மாநிலப் பல்கலைக்கழகத்தில் பல்லாண்டு பேராசிரியராக விளங்கி, 2017இல் மறைந்தார்.

முன்னோடியின் பெயர் மறைந்து கிடந்தது ஏன்? ஷெஃபர் தம் முறைக்குப் பெயரிட்டார். அதனை விளக்கி எழுதினார். பின்வந்தோர் பயில நிறுவனமும் அமைத்தார். அவர் புகழ் தகுதியானதே. ஹலீமின் முயற்சியோ தனியொரு மாணவனின் முயற்சி. அதன் ஒரு பகுதி பல பத்தாண்டுகளுக்குப் பின்னரே இசைத்தட்டாக உலகிற்குக் கிட்டியது. செயற்கரிய செய்தால் மட்டும் போதாது. செய்ததை எழுதிவைத்தலும் கடமையே. நாம் படிக்கும் வரலாற்றில் ‘முதல்’ என்னும் சொல்லைக் காணுந்தோறும், அதற்கு முன்னர் யார் என்று வினவும் பழக்கத்தை மாணவச் செல்வங்கள் கைக்கொள்வார்களாக!