எல்லார் தேதியும் ஞாபகம் இருந்தது, என் தேதியைத் தவிர!



காஸ் எப்போது தீரும், பால் கார்டுக்கு எந்தத் தேதிக்குள் பணம் கட்ட வேண்டும், மகளுக்கு ஸ்கூல் ஃபீஸ் கடைசி நாள் எது, அவருடைய எல்.ஐ.சி. பிரீமியம் எந்த மாசம், மாமியாருக்குக் கண் டாக்டர் மறுபடி வரச் சொன்ன நாள் எது? தூக்கத்தில் எழுப்பிக் கேட்டாலும் சொல்லிவிடுவேன். உங்களில் பலரும் அப்படித்தான் இருப்பீர்கள். அப்படிப்பட்ட நான் ஒரே ஒரு தேதியை மறந்துவிட்டேன். அதனால் நடந்ததை உங்களிடம் சொன்னால், நாலு பேராவது இன்றைக்கே பீரோவைத் திறந்து பார்ப்பீர்கள் என்றுதான் இதை எழுதுகிறேன்.

எங்கள் வீடு அடையாறில். பிறந்த வீடு மயிலாப்பூர். 2025-ம் வருஷம் ஆடி மாசம் மூன்றாவது வெள்ளிக்கிழமை, ஆகஸ்ட் 1. முண்டகக்கண்ணியம்மன் கோயிலுக்குப் போய்விட்டு, தெற்கு மாட வீதியில் காய்கறி வாங்கலாம் என்று ஸ்கூட்டரில் போனேன். மெட்ரோ ரயில் வேலைக்காக அந்தப் பக்கம் வழியைத் திருப்பி விட்டிருந்தார்கள். ஆடி வெள்ளிக் கூட்டம் வேறு. நான் மெதுவாகத்தான் போனேன். பூக்கூடையோடு ஒரு பாட்டியம்மா சட்டென்று குறுக்கே வர, பிரேக் பிடித்தும் ஹேண்டில் பார் அவர் தோளில் பட்டு விழுந்துவிட்டார். கூடையிலிருந்த மல்லிப்பூவெல்லாம் ரோட்டில்.

எனக்குக் கை கால் ஓடவில்லை. வண்டியை நிறுத்திவிட்டு ஓடிப்போய்த் தூக்கினேன். முழங்கையில் சிராய்ப்பு, நல்லவேளை வேறொன்றும் இல்லை. அதற்குள் கூட்டம் கூடிவிட்டது. "பொம்பளைங்க கையில வண்டியக் குடுத்தா இப்படித்தான்" என்று ஒருவர் ஆரம்பித்தார். அடிபட்ட பாட்டியம்மாவே, "நான்தான்யா பாக்காம வந்துட்டேன். அந்தப் பொண்ண ஒண்ணும் சொல்லாதீங்க" என்று எனக்காகப் பேசினார்.

போக்குவரத்து சப்-இன்ஸ்பெக்டர் வந்தார். "லைசென்ஸ் எடுங்கம்மா" என்றார். தைரியமாகப் பர்ஸிலிருந்து எடுத்துக் கொடுத்தேன். திருப்பிப் பார்த்தவர் என்னை ஒரு மாதிரி பார்த்தார்.

"எப்பம்மா கடைசியா இதைப் பார்த்தீங்க?"

"ஏன் சார்?"

"ஜூன் 13-ஓட முடிஞ்சு போச்சு. இன்னிக்கு 49 நாள் ஆவுது."

எனக்குத் தலை சுற்றியது. நாலைந்து மாசத்துக்கு முன்னால் எதிர்வீட்டு அக்கா பேச்சுவாக்கில் கேட்டபோதுகூட, "20 வருஷத்துக்குக் கொடுத்தது அக்கா, இன்னும் நாள் இருக்கும்" என்று சொல்லியிருந்தேன். "தேதி போனாலும் ஒரு மாசம் விட்டுக் கொடுப்பாங்க" என்று அவரும் சொன்னார். அந்த ஒரு மாசச் சலுகை பழைய சட்டத்தில் இருந்தது உண்மைதான். 2019-ல் மோட்டார் வாகனச் சட்டத்தைத் திருத்தியபோது அதை எடுத்துவிட்டார்களாம். இப்போது முடிகிற தேதியோடு சரி, மறுநாள் ஓட்டினாலும் லைசென்ஸ் இல்லாமல் ஓட்டியதாகத்தான் கணக்கு.

5,000 ரூபாய் அபராதம் போட்டார். மகளுக்குக் கம்மல் மாற்ற என்று சீட்டுப் பணத்திலிருந்து எடுத்து வைத்திருந்தது அதற்கே போயிற்று. வண்டி என் கணவர் பெயரில் இருக்கிறது. லைசென்ஸ் செல்லாதவரிடம் வண்டியைக் கொடுத்ததற்காகச் சொந்தக்காரருக்கும் தனியாக அபராதம் போட சட்டத்தில் இடம் இருக்கிறது என்றார். அதைவிட அவர் கடைசியாகச் சொன்னதுதான் என்னை உலுக்கிவிட்டது.

"அந்தம்மாவுக்கு இடுப்பு எலும்பு உடைஞ்சிருந்தா என்ன ஆயிருக்கும் தெரியுமா? நஷ்டஈடு கேஸ் கோர்ட்டுக்குப் போகும். ஓட்டினவங்க லைசென்ஸ் செல்லாதுன்னு இன்ஷூரன்ஸ்காரங்க சொல்வாங்க. கோர்ட் அவங்களைக் கட்டச் சொன்னாலும், கட்டின பணத்தை உங்க வீட்டுக்காரர்கிட்ட வசூல் பண்ணிக்க வழி இருக்கு. வீடு வாசல் போயிடும்மா."

வருஷா வருஷம் வண்டிக்கு இன்ஷூரன்ஸ் தவறாமல் கட்டியது நான்தான். என் லைசென்ஸ் தேதி தவறியதால் அதுவும் கைகொடுக்காமல் போயிருக்கும்! பாட்டியம்மாவைப் பக்கத்து கிளினிக்குக்குக் கூட்டிப்போய் மருந்து போட்டு, ஊசி போட்டு, பூவுக்கும் பணம் கொடுத்துவிட்டு ஆட்டோவில் வீடு வந்து சேர்ந்தேன். வண்டியை அவர் சாயங்காலம் போய் எடுத்து வந்தார்.

அன்றைக்கு ராத்திரி அந்தப் பழைய லைசென்ஸைக் கையில் வைத்துக்கொண்டு ரொம்ப நேரம் உட்கார்ந்திருந்தேன். 2005-ல் எடுத்தது. பிளஸ் டூ முடித்து வீட்டில் இருந்தேன், 19 வயசு. என் அப்பாதான் ஸ்கூட்டி ஓட்டக் கற்றுக் கொடுத்தார். பின்னாலேயே ஓடி வருவார், மூச்சு வாங்கும். எட்டு போட்டுக் காட்டும்போது காலை ஊன்றாமல் போட்டேன் என்று தெருவெல்லாம் சொல்லிக்கொண்டு வந்தார். "நகை நட்டு எல்லாம் மத்தவங்களுக்குப் போயிடும்மா. இது உன் பேர்ல இருக்கிற சொத்து" என்பார். இப்போது அவர் இல்லை. அதில் அவர் இனிஷியல், மயிலாப்பூர் முகவரி, ரெட்டை ஜடை போட்ட என் போட்டோ. இதைத்தான் காலாவதியாக விட்டிருக்கிறேன்.

"விட்டுத் தொலை. பொம்பளைக்கு எதுக்கு வண்டி? அவன் கொண்டு விடுவான்" என்றார் மாமியார். என்னவரோ, "தெரிஞ்ச புரோக்கர் ஒருத்தர் இருக்கார், கொடுத்துடலாம்" என்றார். புரோக்கர் கேட்டது அரசாங்கக் கட்டணத்தைப் போல மூன்று மடங்கு. அபராதத்துக்கே 5,000 போன எரிச்சலில், "நானே பண்ணிக்கிறேன்" என்று சொல்லிவிட்டேன். சொல்லிவிட்டேனே தவிர, உள்ளுக்குள் பயம்தான்.

எட்டாவது படிக்கும் மகள்தான் துணை. பரிவாகன் என்ற மத்திய அரசின் இணையதளத்தில் ஓட்டுநர் உரிமம் என்ற பகுதிக்குப் போய், தமிழ்நாடு என்று தேர்ந்தெடுத்து, பழைய லைசென்ஸ் நம்பரையும் பிறந்த தேதியையும் போட்டால் நம் விவரம் வந்துவிடுகிறது. புதுப்பித்தல், முகவரி மாற்றம் இரண்டையும் ஒரே விண்ணப்பத்திலேயே கேட்கலாம். உடம்பு நன்றாக இருக்கிறது, கண் பார்வை சரியாக இருக்கிறது என்று படிவம் 1-ல் நாமே உறுதி கொடுக்க வேண்டும். 40 வயசு தாண்டியிருந்தால் படிவம் 1-ஏ என்று டாக்டர் சான்றிதழ் தேவை. எனக்கு 39 என்பதால் தேவைப்படவில்லை. பழைய லைசென்ஸ், முகவரிச் சான்று எல்லாவற்றையும் போனிலேயே படம் எடுத்து ஏற்றினாள் மகள்.

ஆதார் மூலமாகச் செய்தால் அலுவலகத்துக்கே போகாமல் முடிக்கும் வழியும் இருக்கிறது. ஆனால் ஆதாரில் நான் கணவர் பெயரோடு இருக்கிறேன், லைசென்ஸில் அப்பா இனிஷியலோடு. பெயர் ஒத்துப்போகாததால் நேரில் போகும்படி ஆயிற்று. கல்யாணத்துக்குப் பிறகு பெயர் மாற்றிக்கொண்ட சகோதரிகள் இதை முக்கியமாகக் கவனியுங்கள்.

கட்டணம் அப்படியொன்றும் அதிகமில்லை. மத்திய விதிப்படி புதுப்பிக்க 200 ரூபாய், கார்டுக்கு 200 ரூபாய். முகவரி மாற்றம், தாமதக் கட்டணம், மாநில அரசின் சேவைக் கட்டணம் எல்லாம் தனி. எல்லாம் சேர்த்தும் எனக்கு 1,500 ரூபாயைத் தாண்டவில்லை. நாள், நேரம் குறித்துக்கொண்டு ஆர்.டி.ஓ. அலுவலகம் போனேன். வாசலிலேயே இரண்டு பேர், "என்னா மேடம், ரினீவலா?" என்று கூடவே வந்தார்கள். திரும்பிப் பார்க்காமல் உள்ளே போய்விட்டேன். போட்டோ, கையெழுத்து, கைரேகை எடுத்தார்கள். "பேரையும் மாத்தணுமா?" என்று கவுன்ட்டரில் இருந்த அம்மா கேட்டார். என்னவர் மாற்றச் சொல்லித்தான் அனுப்பியிருந்தார். "வேண்டாம் மேடம், அப்பா இனிஷியலே இருக்கட்டும்" என்றேன். ஏன் அப்படிச் சொன்னேன் என்று கேட்டால் சொல்லத் தெரியவில்லை. சொன்னபோது கண் கலங்கியது. அவரும் சிரித்துவிட்டு, "இருக்கட்டும்மா" என்றார்.

விண்ணப்பித்து கார்டு கைக்கு வர 23 நாள் ஆனது. அந்த 23 நாளும் வண்டியைத் தொடவில்லை. அப்போதுதான் அந்த ஸ்கூட்டர் எங்கள் வீட்டில் என்னென்ன வேலை செய்துகொண்டிருந்தது என்று எல்லாருக்கும் புரிந்தது. காலையில் மகளை விட என்னவர் ஆபீசுக்குத் தாமதமாகப் போனார். பஸ்ஸில் போகலாம்தான், 2021 மே மாசத்திலிருந்து மாநகரின் சாதாரணப் பேருந்துகளில் பெண்களுக்குக் கட்டணமும் கிடையாது. ஆனால் முழங்கால் வலியோடு மாமியாரால் படியேற முடியவில்லை. கண் டாக்டரிடம் போய்வர ஆட்டோவுக்கே 400 ரூபாய் ஆனது. "உன் லைசென்ஸ் எப்போ வரும்?" என்று தினமும் கேட்டவர், "பொம்பளைக்கு எதுக்கு வண்டி" என்று கேட்ட அதே மாமியார்தான்!

லைசென்ஸ் ஸ்பீட் போஸ்டில் வந்தது. தமிழ்நாட்டில் 2024 பிப்ரவரி 28-லிருந்து தபாலில்தான் அனுப்புகிறார்கள். பழைய முகவரியையே விட்டிருந்தால் கார்டு மயிலாப்பூருக்குப் போய்விட்டு ஆர்.டி.ஓ. அலுவலகத்துக்கே திரும்பியிருக்கும். இப்போது 2035 வரை கவலையில்லை.

சகோதரிகள் தெரிந்துகொள்ள வேண்டியவை:

1. உங்கள் லைசென்ஸில் முடிகிற தேதியை இன்றே பாருங்கள். 2019 செப்டம்பருக்கு முன் எடுத்திருந்தால் 20 வருஷம் அல்லது 50 வயசு, இதில் எது முதலில் வருகிறதோ அதுவரை. அதற்குப் பிறகு எடுத்தாலோ புதுப்பித்தாலோ கணக்கு வேறு. 30 வயசுக்குள் என்றால் 40 வயசு வரை. 30 முதல் 50-க்குள் 10 வருஷம். 50 முதல் 55-க்குள் 60 வயசு வரை. அதற்கு மேல் 5 வருஷம்.

2. முடிவதற்கு ஒரு வருஷம் முன்பே விண்ணப்பிக்கலாம். முடிந்து ஒரு வருஷத்துக்குள்ளும் விண்ணப்பிக்கலாம், ஆனால் அதுவரை ஓட்டக்கூடாது. புதுப்பித்த நாளிலிருந்துதான் செல்லும், பின்தேதி போட்டுத் தரமாட்டார்கள்.

3. முடிந்து ஒரு வருஷத்துக்கு மேல் விட்டால் மறுபடி எட்டு போட்டுக் காட்ட வேண்டும்.

4. ரொம்பப் பழைய லைசென்ஸ் என்றால் கம்ப்யூட்டரில் ஏறாமல் இருக்கலாம். அதைக் கொடுத்த அலுவலகத்தில் கேட்டு முதலில் ஏற்றச் சொல்ல வேண்டும். லைசென்ஸ் நம்பரின் ஆரம்பம் டி.என். 06 என்றால் மந்தைவெளி, 07 என்றால் திருவான்மியூர், 09 என்றால் கே.கே. நகர்.

5. டிஜிலாக்கரிலும் லைசென்ஸை வைத்துக்கொள்ளலாம். போலீசார் கேட்டால் அதைக் காட்டினாலே போதும்.

1993-லேயே குமரி மாவட்டத்து வசந்தகுமாரி அரசு பஸ்ஸுக்கு டிரைவராக வந்துவிட்டார். சவூதி அரேபியாவில் பெண்கள் வண்டி ஓட்ட 2018 ஜூன் 24 வரை காத்திருக்க வேண்டியிருந்தது. நமக்கு யாரும் தடை போடவில்லை. நாமே மறந்து தொலைக்கக்கூடாது, அவ்வளவுதான்.

பீரோ கதவின் உள்பக்கம் எல்.ஐ.சி., ஸ்கூல் ஃபீஸ் தேதியெல்லாம் எழுதி ஒரு தாள் ஒட்டி வைத்திருக்கிறேன். இத்தனை வருஷமாக அதில் என் பெயர் ஒரு வரிகூட இல்லை. இப்போது முதல் வரியே என்னுடையதுதான். புது லைசென்ஸ் வந்த அன்றைக்கு வண்டிக்குக் குங்குமம் வைத்தது என் மாமியார். வெள்ளிக்கிழமை தெற்கு மாட வீதிக்குப் போய் அந்தப் பாட்டியம்மாவிடம் இரண்டு முழம் பூ வாங்கினேன். "கை ஆறிடுச்சும்மா" என்று முழங்கையைத் திருப்பிக் காட்டினார். நானும் லைசென்ஸை எடுத்துக் காட்டினேன்!

– ஒரு வாசகி, அடையாறு, சென்னை.