அங்கே இருந்தவர்களைக் கேட்டார்களா?

எங்கள் பள்ளி வல்லம் வடகால் சிப்காட் தொழிற்பூங்காவை ஒட்டிய பகுதியில் இருக்கிறது. காலை வழிபாட்டுக் கூட்டம் நடக்கும் நேரத்தில்தான் இரவு ஷிப்ட் முடித்தவர்களை ஏற்றிக்கொண்டு கம்பெனிப் பேருந்துகள் வரிசையாகப் போகும். எங்கள் மாணவர்கள் பலருக்கு அக்காவோ அண்ணனோ சித்தியோ அந்தப் பேருந்தில் இருப்பார்கள். அதனால் ஒன்பதாம் வகுப்பில் தொழிற்புரட்சிப் பாடம் நடத்துவது எனக்குச் சுலபம். நூற்பாலை, சங்கு, ஷிப்ட், விடுதி எதையும் விளக்க வேண்டியதில்லை.

அந்தப் பாடத்தோடு கூடுதல் செய்தியாக ராபர்ட் ஓவனைப் பற்றிச் சொல்வது என் வழக்கம். வேல்ஸ் நாட்டில் 1771இல் பிறந்தவர். பத்து வயதிலேயே கடை வேலைக்குப் போனவர். 1800ஆம் ஆண்டு ஸ்காட்லாந்தின் நியூ லானார்க் பஞ்சாலையின் நிருவாகப் பொறுப்பை ஏற்றார். ஆலையைச் சுற்றி ஏறத்தாழ இரண்டாயிரம் பேர் வாழ்ந்தார்கள். அநாதை இல்லங்களிலிருந்து கொண்டுவரப்பட்ட சிறு குழந்தைகளும் அங்கே வேலை செய்தார்கள்.

பத்து வயதுக்குக் கீழ்ப்பட்டவர்களை வேலைக்கு எடுப்பதை ஓவன் நிறுத்தினார். வேலை நேரத்தைக் குறைத்தார். வீடுகளைச் சீரமைத்தார். தரமான பொருள்களைக் குறைந்த விலைக்கு விற்கும் கடையைத் திறந்து, அதன் இலாபத்தைப் பள்ளிக்குச் செலவிட்டார். அமெரிக்காவிலிருந்து பஞ்சு வரத்து நின்று ஆலை நான்கு மாதம் ஓடாதபோதும் கூலியைக் கொடுத்தார். 1816இல் அவர் திறந்த கல்விக்கூடத்தில் மழலையர் விளையாடிக் கற்றார்கள். பாட்டு, நடனம், நிலப்படம் எல்லாம் இருந்தன. அடி கிடையாது. மனிதனின் குணத்தை உருவாக்குவது அவன் வளரும் சூழல் என்பதே ஓவனின் அடிப்படைக் கருத்து. ஆசிரியர்களாகிய நாம் இன்று இயல்பாகப் பேசும் இந்தக் கருத்து, அன்று முதலாளிகளுக்குப் பைத்தியக்காரத்தனமாகத் தோன்றியது.

இரண்டு ஆண்டுகளுக்கு முன் இதையெல்லாம் சொல்லி முடித்தபோது கடைசி பெஞ்சிலிருந்து ஒரு மாணவி எழுந்தாள். "டீச்சர், இதெல்லாம் அவரா யோசிச்சுப் பண்ணாரா? அங்க இருந்தவங்களைக் கேட்டாங்களா?"

"நல்லதுதானேம்மா செஞ்சார்?" என்றேன்.

"நல்லதுதான் டீச்சர். கேட்டாங்களான்னுதான் கேக்குறேன்."

அவளுடைய அக்கா தொழிற்பூங்காப் பகுதியில் ஒரு விடுதியில் தங்கி வேலை செய்கிறாள் என்பது எனக்குத் தெரியும். அன்று மணி அடித்துவிட்டதால் தப்பித்தேன். வீட்டுக்கு வந்து படித்தபோதுதான், கற்பனாவாத சோசலிசம் என்ற சிந்தனையைப் பற்றி நடந்த பெரிய விவாதத்தின் மையமே அந்தக் கேள்விதான் என்று புரிந்தது.

'யுடோப்பியா' என்பது தாமஸ் மோர் 1516இல் வெளியிட்ட நூலின் பெயர். கிரேக்க மொழியில் 'எங்கும் இல்லாத இடம்' என்று பொருள். 'நல்ல இடம்' என்றும் ஒலிக்கும். தொழிற்புரட்சி கொண்டுவந்த வறுமையைக் கண்டு, போட்டிக்குப் பதில் ஒத்துழைப்பின் மேல் சமூகத்தை அமைக்கத் திட்டம் வகுத்த மூவரைக் கற்பனாவாத சோசலிஸ்டுகள் என்று முதன்மையாகக் குறிப்பிடுவார்கள். பிரான்சின் சான் சிமோன், உழைத்து உற்பத்தி செய்பவர்களின் கையில் சமூகம் இருக்க வேண்டும் என்றார். அதே நாட்டின் சார்லஸ் ஃபூரியே, சுமார் 1,600 பேர் ஒரே வளாகத்தில் கூடி வாழ்ந்து, விருப்பப்படி வேலையை மாற்றிக்கொள்ளும் குடியிருப்பைத் திட்டமிட்டார். அதற்குப் பணம் தரும் செல்வந்தர் வருவார் என்று தினமும் நண்பகலில் வீட்டில் காத்திருந்தாராம். மூன்றாமவர் ஓவன். மற்ற இருவரும் ஏட்டில் எழுதியதில் ஒரு பகுதியை இவர் செய்தே காட்டினார்.

இவர்களுக்கு அந்தப் பெயரை நிலைக்கச் செய்தவர்கள் மார்க்சும் எங்கெல்சும். 1848இல் வெளிவந்த கம்யூனிஸ்ட் அறிக்கையிலும், எங்கெல்ஸ் 1880இல் வெளியிட்ட நூலிலும் இந்த விமர்சனம் இருக்கிறது. அவர்கள் ஓவனை இகழவில்லை. இங்கிலாந்துத் தொழிலாளர் பெற்ற முன்னேற்றங்கள் பலவற்றோடு ஓவனின் பெயர் சேர்ந்தே வரும் என்று எங்கெல்ஸ் பாராட்டினார். குறை வேறிடத்தில் இருந்தது. இந்தச் சிந்தனையாளர்கள் தொழிலாளர்களைத் துன்பப்படுகிறவர்களாகப் பார்த்தார்கள். தங்கள் நிலையைத் தாங்களே மாற்றக்கூடியவர்களாகப் பார்க்கவில்லை. திட்டம் மேலிருந்து வரும், மக்கள் அதைப் பெற்றுக்கொள்வார்கள் என்று எண்ணினார்கள்.

நியூ லானார்க்கிலேயே இதற்குச் சான்று இருக்கிறது. ஒவ்வொரு தொழிலாளியின் அருகிலும் நான்கு பக்கமும் நான்கு நிறம் பூசிய ஒரு மரக்கட்டை தொங்கும். முந்தைய நாள் அவர் நடந்துகொண்ட விதத்துக்கு ஏற்ப, கறுப்பிலிருந்து வெள்ளைவரை ஏதாவது ஒரு நிறம் முன்னால் தெரியும்படி திருப்பி வைப்பார்கள். அடியும் வசவும் இல்லை என்பது உண்மை. ஆனால் கட்டையைத் திருப்பும் கை தொழிலாளியுடையது அல்ல.

1825இல் ஓவன் அமெரிக்காவின் இந்தியானாவில் 'நியூ ஹார்மனி' என்ற ஊரை வாங்கிப் பொதுவாழ்வுக் குடியிருப்பாக்கினார். பலரும் குடியேறினார்கள். இரண்டே ஆண்டுகளில் அது குலைந்தது. அவருடைய சொத்தில் பெரும்பகுதி அதில் கரைந்தது.

அத்தோடு கதை முடிந்துவிடவில்லை. 1844இல் இங்கிலாந்தின் ராச்டேல் நகரில் நெசவாளர் உள்ளிட்ட 28 பேர் காசு சேர்த்து ஒரு கடை தொடங்கினார்கள். அவர்களில் சிலர் ஓவனின் கருத்துகளில் ஊறியவர்கள். பங்கு எவ்வளவு இருந்தாலும் ஒருவருக்கு ஒரு வாக்கு. இலாபம் வாங்கிய பொருளின் அளவுக்கு ஏற்ப உறுப்பினருக்கே. ஓவனின் கடையிலும் நல்ல பொருள்தான் விற்றது, ஆனால் கணக்கைக் கேட்கும் உரிமை வாங்குபவருக்கு இல்லை. ராச்டேலில் இருந்தது. அந்த முறையை ஒட்டி 1904இல் சென்னையில் தொடங்கப்பட்டதுதான் திருவல்லிக்கேணி நகரக் கூட்டுறவுச் சங்கம். நம் பிள்ளைகள் 'சொசைட்டி' என்று சொல்லும் ரேஷன் கடைக்கும் பால் சங்கத்துக்கும் பின்னால் இப்படி ஒரு வரலாறு உண்டு. 1923இல் சிங்காரவேலர் சென்னைக் கடற்கரையில் மே தினம் கொண்டாடியதும் இதே பாதையின் இன்னொரு கிளைதான். அங்கே தொழிலாளர்கள் தங்கள் கோரிக்கையைத் தாங்களே பேசினார்கள்.

இப்போது எங்கள் ஊருக்கு வருகிறேன். 2021 டிசம்பரில், இப்பகுதித் தொழிற்சாலைப் பெண்கள் தங்கியிருந்த ஒரு விடுதியில் உணவு நஞ்சாகிப் பலர் மருத்துவமனைக்குப் போக நேர்ந்தது. அவர்களின் தோழிகள் சென்னை–பெங்களூரு நெடுஞ்சாலையில் மறியல் செய்தார்கள். தொழிலாளர் விடுதிகளின் நிலை நாடு முழுவதும் பேசப்பட்டது. 2024 ஆகஸ்ட் 17 அன்று, வல்லம் வடகாலில் சிப்காட் நிறுவனம் 20 ஏக்கரில் 706.50 கோடி ரூபாயில் கட்டிய தொழிலாளர் குடியிருப்பை முதலமைச்சர் திறந்துவைத்தார். 18,720 பெண்கள் தங்கலாம். அதாவது நியூ லானார்க்கைப் போல ஏறத்தாழ ஒன்பது ஊர்கள். ஓவன் இன்றிருந்தால் பார்க்க வந்திருப்பார் என்று வகுப்பில் சொன்னேன்.

அந்தக் கேள்விக்குப் பதிலாக ஒரு செயல்பாடு கொடுத்தேன். "ஐந்து குழுக்களாகப் பிரிந்து, தொழிலாளர்களுக்கு ஒரு நல்ல ஊரை வரைந்து வாருங்கள்." நான்கு குழுக்கள் அழகாக வரைந்து வந்தன: பூங்கா, நூலகம், நீச்சல் குளம், நீரூற்று. கேள்வி கேட்ட மாணவியின் குழு படமே வரையவில்லை. அவள் அக்காவிடமும் அக்காவின் அறைத் தோழிகளிடமும் கேட்டு ஒரு பட்டியல் எழுதி வந்திருந்தது.

இரவு ஷிப்ட் முடிந்து பகலில் தூங்க ஜன்னலுக்குக் கனமான திரை வேண்டும். ஓர் அறையில் இருப்பவர்கள் எல்லாருக்கும் ஒரே ஷிப்ட் வேண்டும். ஊரிலிருந்து அம்மா வந்தால் ஓர் இரவு தங்க இடம் வேண்டும். என்ன சமைப்பது என்பதை மாதம் ஒருமுறை தங்கியிருப்பவர்கள் கூடி முடிவுசெய்ய வேண்டும். நீச்சல் குளத்தை யாரும் கேட்கவில்லை.

நான்கு குழுக்களும் கெட்டிக்காரப் பிள்ளைகள்தான். நல்ல மனத்தோடுதான் வரைந்தார்கள். ஆனால் திரை வேண்டும் என்பது அவர்களுக்குத் தோன்றவில்லை. எனக்கும் தோன்றியிருக்காது. கற்பனாவாத சோசலிசத்தின் உயர்வும் குறையும் அன்று கரும்பலகை அருகே பக்கம் பக்கமாகத் தொங்கின. நல்ல உலகத்தைக் கனவு காணாமல் எதுவும் தொடங்காது. அதில் வாழப்போகிறவரைக் கேட்காமல் அது நிலைக்காது.

வகுப்பு முடிந்து திரும்பியபோது சுவரில் என் கண்ணில் பட்டது நட்சத்திர அட்டவணை. யார் அமைதியாக இருந்தார், யார் பேசினார் என்று நான்தான் தினமும் ஒட்டுவேன். பச்சை நல்லது, சிவப்பு கெட்டது. பிரம்பை விட்டு அதற்கு மாறியதில் எனக்குப் பெருமை இருந்தது. ஓவனின் மரக்கட்டைக்கும் அதற்கும் என்ன வேறுபாடு என்று யோசித்தேன். அதிகம் இல்லை.

மறுவாரம் வகுப்பு விதிகளை மாணவர்களையே எழுதச் சொன்னேன். ஒன்பது விதிகள் எழுதினார்கள். ஏழு விதிகள் நான் முன்பு எழுதியவைதான். புதியவை இரண்டு. ஒன்று, வீட்டில் இரவு ஷிப்ட் இருப்பவர்கள் தாமதமாக வந்தால் காரணம் கேட்காமல் உள்ளே விட வேண்டும். இன்னொன்று, டீச்சரும் தாமதமாக வந்தால் காரணம் சொல்ல வேண்டும்.

இரண்டும் இன்றுவரை நடைமுறையில் இருக்கின்றன. தொழிற்புரட்சிப் பாடம் நடத்தும்போது ஓவனுக்கு ஒரு பாடவேளை ஒதுக்குங்கள். அடுத்த பாடவேளையில் உங்கள் ஊரில் பிள்ளைகளுக்குத் தெரிந்த ஒரு விடுதியையோ பால் சங்கத்தையோ பள்ளிச் சத்துணவையோ எடுத்துக்கொண்டு, அதைப் பயன்படுத்துகிறவர்களிடம் கேட்டு எழுதிவரச் சொல்லுங்கள். அரசியல் சிந்தனை வரலாற்றை அதைவிடத் தெளிவாக நடத்த எனக்கு வேறு வழி தெரியவில்லை.