பெயர் மட்டும் போதுமா?

மகன் வயிற்றுப் பிள்ளையையும் மகள் வயிற்றுப் பிள்ளையையும் நாம் பேரன் என்கிறோம். பெயரன் என்னும் சொல்லே அவ்வாறு மருவிற்று. பாட்டன் பெயரைத் தாங்குபவன் என்பது அதன் பொருள். மறைந்தவரை மறவாதிருக்க நம் முன்னோர் கண்ட எளிய வழி அது. ஆயினும், பெயர் மட்டும் வந்தாற் போதுமா? அப்பெயருக்குரியவர் எவ்வூரார், என்ன தொழில் செய்தார், எத்துன்பத்தைக் கடந்தார் என்பனவும் உடன் வரவேண்டாமா? அமாவாசையன்று நீர்க்கடன் செய்வோர் தந்தை, பாட்டன், கொள்ளுப்பாட்டன் என மூன்று தலைமுறைப் பெயர்களைச் சொல்வர். அதற்கு மேல் யாரேனும் வினவினால் நம்மிற் பலரிடம் விடையில்லை.

நெசவாளர் குழு ஒன்று தன் வரலாற்றைத் தானே காத்துக்கொண்ட வகையை இங்கு நினைவுகூர்தல் தகும். மத்தியப் பிரதேசத்து மந்தசௌரில் ஒரு கல்வெட்டு உண்டு. குஜராத்தின் தென்பகுதியாகிய லாட நாட்டிலிருந்து பட்டு நெசவாளர் அங்குக் குடியேறினர். கூட்டாகப் பொருள் சேர்த்துக் கி.பி. 436-ஆம் ஆண்டளவில் கதிரவனுக்குக் கோயில் எடுத்தனர். பின்னர்ச் சிதைந்த அதனை 473-ஆம் ஆண்டளவில் புதுப்பித்தனர். தாங்கள் எங்கிருந்து வந்தோம், தம்முள் யார் வில்லாளர் ஆயினர், யார் சோதிடம் கற்றனர், யார் தறியை விடாது பற்றினர் என்பவற்றையெல்லாம் வத்சபட்டி என்னும் புலவரைக் கொண்டு பாட்டாக்கிக் கல்லிற் பொறித்தனர். அவர்கள் நெய்த பட்டு நம் கைக்குக் கிட்டவில்லை. எழுதிவைத்த சொல் கிட்டியிருக்கிறது.

தமிழகத்துச் சௌராஷ்டிர நெசவாளரிடையேயும் இத்தகைய நல்வழக்கம் ஒன்று இருந்தது. திருமணத்தின்போது இரு வீட்டாரும் வினாவும் விடையுமாகத் தம் குலத்தார் கடந்துவந்த ஊர்களை எடுத்துரைப்பர். தேவகிரி, விஜயநகரம் என அந்நெடுவழி மதுரையில் வந்து முடியும். ஆனால் வாய்மொழி, சொல்வாரும் கேட்பாரும் உள்ளவரையே வாழும்.

உழவர் குடும்பங்களிலோ, 1876-இல் தொடங்கிய தாது வருஷப் பஞ்சத்தை வைத்துக் காலங்கணித்த முதியோர் பலர் இருந்தனர். அப்பஞ்சத்திற்குப் பின் வெட்டிய கிணறு எது, விற்ற நிலம் எது என அவர்கள் அறிவர். கேட்டு எழுதாத வீடுகளில் அச்செய்தி அவர்களோடு மறைந்தது.

ஆகவே, உறுப்பினர் ஒவ்வொருவரும் வீட்டிற்கொரு குறிப்பேடு வைத்தல் நலம். முதியோரிடம் அமைதியாக அமர்ந்து கேட்போம். பெயர், பிறந்த ஊர், கற்ற தொழில், தறியின் வகை, வயலின் பெயர் ஆகியவற்றை எழுதுவோம். வாழவந்த பெண்களின் பிறந்தகத்தையும் தவறாது குறிப்போம். பெரும்பாலான வீடுகளில் முதலில் மறக்கப்படுவது பெண்வழியே. பழைய நிழற்படங்களின் பின்புறத்தில், மையூறாத பென்சிலால், இருப்பவர் பெயரை மெல்ல எழுதிவைப்போம். பழம்பத்திரங்களை ஈரம் படாது காப்போம். சங்கத்தின் பழைய உறுப்பினர் பதிவேட்டில் பாட்டனாரின் கையொப்பமோ கைநாட்டோ இருக்கக்கூடும். அதனையும் தேடிப் பார்ப்போம்.

தறியில் ஒரு பாவு தீரும் தறுவாயில், அதன் நுனியோடு புதுப்பாவை இழை இழையாகப் பிணைக்கிறோம். பழைய நுனி அச்சைவிட்டு நழுவிவிட்டால் மீண்டும் முதலிலிருந்தே கோக்கவேண்டும். நம் வீட்டு முதியோர் இருக்கும்போதே பிணைத்துக்கொள்வோமாக.