பெட்ரோல் நிலைய ஒதுக்கீடும் நீதிமன்றமும்

பொதுத்துறை எண்ணெய் நிறுவனங்களின் பெட்ரோல் விற்பனை உரிமை பொதுமக்களின் சொத்தாகும்; அமைச்சரின் கொடையன்று. இந்நெறிப்படி, மத்திய அமைச்சர் தம் விருப்புரிமையால் செய்த 15 ஒதுக்கீடுகளை உச்ச நீதிமன்றம் 1996-இல் ரத்துச் செய்தது.

2002-இல் வேறொரு வினா எழுந்தது. தேர்வு வாரியங்களில் முறைகேடு நிகழ்ந்ததாகச் செய்தி வெளிவரவே, 2000 ஜனவரி முதல் அவை பரிந்துரைத்த ஒதுக்கீடுகள் அனைத்தையும் அரசு ஒருசேர ரத்துச் செய்தது. அவ்வாண்டு டிசம்பரில் உச்ச நீதிமன்றம் அந்த ஆணையைச் செல்லாதென அறிவித்தது. தகுதியால் பெற்றவரையும் செல்வாக்கால் பெற்றவரையும் ஒன்றாக நடத்துவது அரசியல் சட்டத்தின் 14-ஆவது பிரிவுக்கு முரணாகும். ஐயத்துக்குரிய 413 ஒதுக்கீடுகளை ஆராய, ஓய்வுபெற்ற நீதிபதிகள் இருவர் கொண்ட குழுவை நீதிமன்றம் அமைத்தது.

இரு தீர்ப்புகளும் உணர்த்துவது ஒன்றே: அளவுகோலின்றி வழங்குவதும் ஆராயாமல் பறிப்பதும் தன்னிச்சையான செயல்களே.