முயற் பொம்மையை விட்டுவந்த சிறுமி

நூலகத்திலிருந்து எமது பிள்ளைகள் எடுத்துவரும் ஆங்கிலப் படக்கதைகளில், தேநீர் குடிக்க வீட்டுக்கு வந்த புலியின் கதையும் ஒன்று. 1968இல் வெளிவந்த அந்தப் புத்தகத்தை எழுதிப் படமும் கீறியவர் ஜூடித் கேர். அவரும் எம்மைப் போல அகதியாக அலைந்தவர் என்பது எம்மில் பலருக்குத் தெரியாது.

1923இல் ஜேர்மனியின் பேர்லின் நகரில் யூதக் குடும்பமொன்றில் பிறந்தவர் இவர். தந்தை அல்பிரெட் கேர் பெயர்பெற்ற நாடக விமர்சகர். நாசிகளைக் கண்டித்துத் துணிந்து எழுதியவர். 1933இன் தொடக்கத்தில், அவருடைய கடவுச்சீட்டைப் பறிக்கப் போகிறார்கள் என்று ஒரு பொலிஸ்காரர் தொலைபேசியில் இரகசியமாக எச்சரித்தார். காய்ச்சலோடு படுத்திருந்த மனிதர் எழும்பி எல்லை தாண்டினார். மார்ச் 5ஆம் திகதித் தேர்தலுக்கு முன்னரே தாயும் இரு பிள்ளைகளும் சுவிற்சர்லாந்துக்கு வெளிக்கிட்டனர். மே மாதத்தில் நாசிகள் கொளுத்திய புத்தகங்களில் தந்தையின் நூல்களும் இருந்தன. 1981இல் யாழ்ப்பாண நூலகம் எரிந்த கதையைக் கேட்டு வளர்ந்த எமக்கு இதை விளக்கத் தேவையில்லை.

அப்போது ஜூடித்துக்கு ஒன்பது வயது. பின்னாளில் அவர் எழுதிய நாவலில் வரும் சிறுமி, இளஞ்சிவப்பு முயற் பொம்மையை விட்டுவிட்டு நாய்ப் பொம்மையை எடுத்துப் போகிறாள். கெதியில் திரும்பிவிடலாம் என்ற எண்ணம். வீட்டைப் பூட்டித் திறப்போடு வெளிக்கிட்ட எமது சனத்துக்கும் அதே எண்ணம்தான் இருந்தது.

பிறகு பாரிஸ், 1936இல் லண்டன். எமது மனதைத் தொட்டது தந்தையின் நிலைதான். எழுத்தால் வாழ்ந்தவருக்கு ஆங்கிலத்தில் எழுத வரவில்லை. ஜேர்மன் மொழியில் எழுதினால் அங்கே வாசிக்க ஆளில்லை. தாய் அலுவலக வேலைக்குப் போனார். பிள்ளைகளோ புதுமொழியை விரைவாகப் பிடித்துக்கொண்டார்கள். அண்ணன் இங்கிலாந்தில் நீதிபதியுமானார். ஊரில் வாத்தியாராக இருந்தவர் இங்கே பிறம்ரனில் இரவு வேலையில் பெட்டி அடுக்குகிறார்; அவருக்காக வங்கியில் ஆங்கிலம் கதைப்பது அவருடைய பிள்ளை. எமது தொழிற்சாலைகளில் இப்படி எத்தனை பேர்!

ஜூடித்தின் மகன் எட்டு வயதில் 'சவுண்ட் ஒஃப் மியூசிக்' படம் பார்த்துவிட்டு, அம்மாவின் சின்ன வயதும் இப்படித்தான் என்று நினைத்தானாம். அது அப்படியல்ல என்று சொல்லவே அவர் எழுதத் தொடங்கினார். 1971இல் 'வென் ஹிட்லர் ஸ்ரோல் பிங்க் ரபிட்' வெளிவந்தது. ஹிட்லர் களவெடுத்த இளஞ்சிவப்பு முயல் என்பது பொருள். பிள்ளைக்கு விளங்கும் ஆங்கிலத்தில், பயமுறுத்தாமல், எல்லை கடந்த ரயிலையும் புதுப் பள்ளிக்கூடத்தையும் காசில்லாத நாட்களையும் சொன்னார். இன்று ஜேர்மன் பள்ளிக்கூடங்களிலும் அதைப் படிப்பிக்கிறார்கள். ஜூடித் 2019இல் தமது 95ஆவது வயதில் காலமானார்.

பெற்றோரே, எமது பிள்ளைகளும் எம்மைப் பற்றிப் படங்களிலும் பிறர் வாயிலுமே அறிகிறார்கள். படிக்கிற பிள்ளைக்கு இதெல்லாம் ஏன் என்று நாங்கள் வாய் திறப்பதில்லை. 1995இன் இடப்பெயர்வில் சைக்கிளில் என்ன கட்டினோம், எதை விட்டோம் என்பதைத் தமிழில் சொல்லுவோம். விளங்காத இடத்தில் எமது உடைந்த ஆங்கிலத்தையும் சேர்ப்போம்.

இந்தப் புத்தகத்தை நூலகத்தில் கேட்டெடுத்து, ஓய்வுநாளில் பிள்ளையை வாசிக்கச் சொல்லிக் கேளுங்கள். முடிந்ததும், நீங்கள் எதை விட்டுவிட்டு வந்தீர்கள் என்று பிள்ளை கேட்கும். அதற்குப் பதிலை இப்போதே யோசித்து வையுங்கள்.