மசாலா டீ: இலை குறைவு, மணம் நிறைவு!

இந்தியாவில் விளையும் தேயிலையில் ஏறத்தாழ ஐந்தில் நான்கு பங்கை இன்று இந்தியர்களே குடித்துத் தீர்க்கிறார்கள். நூறு ஆண்டுகளுக்கு முன்னால் இப்படி ஒரு காலம் வரும் என்று யாராவது சொல்லியிருந்தால் தேயிலைத் தோட்டத் துரைமார்களே நம்பியிருக்கமாட்டார்கள். அன்று தேயிலை என்பது கப்பலேறிப் போகும் சரக்கு. அதைப் பறித்த கைகள்கூட அதைக் குடித்துப் பழகவில்லை. மோரும் கஞ்சியும் குடித்து வாழ்ந்த ஜனங்களின் அடுப்படிக்குள் இந்த இலை நுழைந்தது எப்படி? இலையை விற்றவர்கள் கற்றுக்கொடுத்த முறையினால் மட்டும் அல்ல; அவர்கள் 'கூடாது' என்று முகம் சுளித்த முறையினாலும்தான் என்பதே இதில் சுவையான விஷயம்!

விற்றவர் சொன்னதும் குடித்தவர் செய்ததும்

அஸ்ஸாம் காடுகளில் தேயிலைச் செடி தானாகவே வளர்வதை ராபர்ட் புரூஸ் என்ற ஸ்காட்லாந்துக்காரர் 1823-ல் அறிந்தார். அங்கே வாழ்ந்த சிங்போ மக்களுக்கு அது புதிதல்ல. அவர்கள் வெகுகாலமாக அந்த இலையைப் பயன்படுத்தி வந்தவர்கள். 1839-ல் அஸ்ஸாம் தேயிலை லண்டனில் ஏலத்துக்கு வந்தது. அதன்பின் தோட்டங்கள் பெருகின, இலை குவிந்தது. வெளிநாட்டுச் சந்தையை மட்டும் நம்பியிருந்தால் விலை சரிந்துவிடும் என்ற பயமும் கூடவே வந்தது. 1903-ல் தேயிலைமீது ஒரு தீர்வை விதித்து, அந்தப் பணத்தைக்கொண்டு பிரசாரம் செய்யச் சட்டம் பிறந்தது. உள்நாட்டு ஜனங்களையும் டீ குடிக்கப் பழக்கவேண்டும் என்பது அந்தப் பிரசாரத்தின் நோக்கங்களில் ஒன்று.

பிரசாரம் என்றால் சாதாரணப் பிரசாரமா! ரயில் நிலையங்களில் எனாமல் பலகைகள் தொங்கின. பிராந்திய மொழிகளில் படங்களோடு பாடம் நடந்தது. புதிதாகப் பிடித்த தண்ணீரை நன்றாகக் கொதிக்க வை. கோப்பைக்கு ஒரு கரண்டி இலை போடு. ஐந்து நிமிஷம் மூடி வை. பிறகு கோப்பையில் ஊற்றிக் கொஞ்சம் பாலும் சர்க்கரையும் சேர். இதுதான் அந்தப் பாடம்.

ஜனங்கள் பாடத்தைக் கேட்டார்கள். ஆனால் தங்கள் வழியில் செய்தார்கள். இலையை வெந்நீரில் ஊறவைப்பதற்குப் பதிலாகப் பாலோடு சேர்த்துக் கொதிக்கவிட்டார்கள். சர்க்கரையைத் தாராளமாகப் போட்டார்கள். இஞ்சியையும் ஏலக்காயையும் தட்டிப் போட்டார்கள். பாலும் சர்க்கரையும் மசாலாவும் சேர்ந்தால் கொஞ்சம் இலையிலேயே கெட்டியான, காரமான, வயிற்றுக்கு ஆதாரமான பானம் கிடைத்துவிடுகிறதே! இலை குறைந்தால் வியாபாரம் குறையுமே என்பது பிரசாரகர்களின் கவலை. ஆனால் அந்தக் கவலைதான் கடைசியில் வீணாயிற்று. இலையை மிச்சப்படுத்திய அதே முறைதான் டீயைக் கூலிக்காரனுக்கும் எட்டும் பானமாக்கியது.

1930-களின் தொடக்கத்தில் அஸ்ஸாமில் ஒரு புது இயந்திரம் வந்தது. இலையை நசுக்கி, கிழித்து, சுருட்டிச் சிறு மணிகளாக உதிர்க்கும் இயந்திரம் அது. அந்த முறையின் ஆங்கில முதலெழுத்துக்களைச் சேர்த்து 'சி.டி.சி.' என்று அதற்குப் பெயர். இந்த மணித் தேயிலையில் நிறமும் கடுப்பும் சீக்கிரம் இறங்கும். ஒரு கிலோவில் கிடைக்கும் கோப்பைகளும் அதிகம். பாலையும் மசாலாவையும் எதிர்த்து நிற்கும் பலம் அதற்கு உண்டு. சுதந்திரத்துக்குப் பிறகு இது பரவப் பரவ, மசாலா டீயும் வீட்டுக்கு வீடு நிலைபெற்றது.

குஜராத்தின் கஷாயமும் நம் கண்டந்திப்பிலியும்

மசாலா டீயை வீட்டுக் கலையாகவே வளர்த்தவர்கள் குஜராத்திகளும் மும்பைவாசிகளும். காரணம் இல்லாமல் இல்லை. தேயிலை வருவதற்கு முன்பே குஜராத்தி வீடுகளில் 'உகாளோ' என்ற பானம் இருந்தது. சுக்கு, மிளகு முதலியவற்றைக் கொதிக்கவைத்துக் குடிக்கும் கஷாயம்தான் அது. நம் ஊர்ச் சுக்குக் காப்பிக்கு அது ஒன்றுவிட்ட சகோதரி என்று சொல்லலாம். மசாலா ஏற்கெனவே அடுப்பில் கொதித்துக்கொண்டிருந்தது. தேயிலைதான் பின்னால் வந்து அதில் விழுந்தது!

குஜராத்தி டீ மசாலாவில் 'கண்டோடா' என்று ஒரு சரக்கைச் சிலர் சேர்ப்பார்கள். பெயரைக் கேட்டு மிரளவேண்டாம். அது திப்பிலிக் கொடியின் வேர். நம் பாட்டிமார் உடம்பு வலிக்கு ரசம் வைக்கும் அதே கண்டந்திப்பிலிதான்!

இதில் ஒரு வேடிக்கையும் உண்டு. டீ, காப்பி, கோகோ மூன்றும் உடலுக்கு அவசியமில்லாதவை என்று காந்தியடிகள் எழுதினார். அவர் பிறந்த குஜராத்திலோ இன்று டீ இல்லாமல் விருந்தாளியை வழியனுப்பும் வீட்டைக் காண்பது அரிது. எருமைப் பாலில் கெட்டியாகக் காய்ச்சி, பிரிச்சில் ஊற்றி ஆற்றி உறிஞ்சுவது அங்கே பழைய வழக்கம்.

வரிசைதான் ரகசியம்

நல்ல மசாலா டீக்கு விலை உயர்ந்த இலையோ பத்து வகைச் சரக்கோ வேண்டியதில்லை. எது முதலில், எது கடைசியில் என்ற வரிசைதான் முக்கியம். நாலு பேருக்கு வேண்டிய அளவு இது:

தண்ணீர் இரண்டு டம்ளர். பால் இரண்டு டம்ளர். மணித் தேயிலை நாலு தேக்கரண்டி, தலைதட்டி. ஒரு விரற்கடை நீளம் இஞ்சி. மிளகு நாலு. கிராம்பு இரண்டு. பட்டை ஒரு சிறு துண்டு. ஏலக்காய் நாலு. சர்க்கரை அவரவர் நாவுக்கு ஏற்றபடி. டம்ளர் என்றால் பெரிய லோட்டா அல்ல. 150 மில்லி பிடிக்கும் சிறிய டம்ளர்.

இஞ்சியின் தோலைச் சுரண்டித் தட்டிக்கொள்ளுங்கள். மிளகு, கிராம்பு, பட்டை மூன்றையும் ஒன்றிரண்டாக இடியுங்கள். இவற்றைத் தண்ணீரில் போட்டு, மூடி, மூன்று நாலு நிமிஷம் கொதிக்கவிடுங்கள். தண்ணீர் இளம் மஞ்சள் நிறமாகி மணம் எழும்பும்போது தேயிலையும் சர்க்கரையும் போடுங்கள். இரண்டு நிமிஷம் போதும். பிறகு பாலை ஊற்றுங்கள். பொங்கி வரும்போது தீயைத் தணியுங்கள். அடங்கியதும் மறுபடி ஏற்றுங்கள். இப்படி இரண்டு மூன்று முறை பொங்கி அடங்கவேண்டும். கடைசியாகத் தட்டிய ஏலக்காயைப் போட்டு, அடுப்பை அணைத்து, ஒரு நிமிஷம் மூடி வைத்து வடிகட்டுங்கள். அவ்வளவுதான்!

கிராம்பும் பட்டையும் மிளகும் கெட்டியான சரக்குகள். கொதிநீரில் சற்று வெந்தால்தான் அவற்றின் சாரம் இறங்கும். பாலில் நேரே போட்டால் பாதிதான் இறங்கும். ஏலக்காயின் மணமோ சீக்கிரம் ஆவியோடு பறந்துவிடக்கூடியது. முதலிலேயே போட்டால் சமையலறை மணக்கும், டம்ளர் மணக்காது. அதனால்தான் அதற்குக் கடைசி இடம்.

பாலுக்கும் ஒரு வேலை இருக்கிறது. தேயிலையில் நாக்கை இழுக்கும் துவர்ப்புச் சத்து உண்டு. பாலிலுள்ள புரதம் அந்தத் துவர்ப்பைப் பிடித்துக்கொள்கிறது. மணித் தேயிலையைக் கொதிக்கவிட்டும் வாய் கசக்காமல் குடிக்க முடிவது இதனால்தான். ஆனாலும் பத்து நிமிஷம் கொதிக்கவிட்டால் பாலாலும் காப்பாற்ற முடியாது!

பால் திரிவது ஏன்?

"இஞ்சி போட்டேன், பால் திரிந்துவிட்டது" என்பது பல வீடுகளில் கேட்கும் புகார். பால்காரரைக் குறை சொல்லிப் பயனில்லை. பச்சை இஞ்சிச் சாற்றில் புரதத்தை உடைக்கும் ஒரு நொதி இருக்கிறது. சூடான பாலில் அது பட்டால் பால் உறைந்து திரியும். சீனாவின் குவாங்டுங் பிரதேசத்தில் இதையே ஒரு தின்பண்டமாக்கிவிட்டார்கள்: சூடான பாலை இஞ்சிச் சாற்றின்மேல் ஊற்றி, தயிர்போல் உறையவைத்துக் கரண்டியால் சாப்பிடுகிறார்கள்!

நமக்கு அது வேண்டாம். இஞ்சியை முதலில் தண்ணீரில் நன்றாகக் கொதிக்கவிட்டால் அந்த நொதி செயலிழந்துவிடும். பிறகு பால் ஊற்றினால் பயமில்லை. வெல்லம் போடுகிறவர்களுக்கும் ஒரு யோசனை: கொதிக்கும் பாலில் வெல்லத்தைப் போட்டால் சில சமயம் திரிந்துவிடும். அடுப்பை அணைத்து, வடிகட்டியபின் பொடித்த வெல்லத்தைக் கலக்குவதே நல்லது.

பொடியும் புல்லும்

தினமும் இடிக்க நேரமில்லாதவர்கள் பொடி செய்து வைத்துக்கொள்ளலாம். சுக்கு 30 கிராம், மிளகு 15 கிராம், ஏலக்காய் 15 கிராம், பட்டை 10 கிராம், கிராம்பு 5 கிராம், கிடைத்தால் கண்டந்திப்பிலி 5 கிராம். வெயிலில் காயவைத்துப் பொடித்து, சலித்து, இறுக மூடிய பாட்டிலில் வையுங்கள். நாலு டம்ளருக்கு அரைத் தேக்கரண்டி போதும். ஒரே தடவையில் ஆறு மாசத்துக்குச் செய்து வைக்காதீர்கள். மணம் போய்க் காரம் மட்டும் மிஞ்சும்.

ஏலக்காய் விலையைக் கேட்டால் மயக்கம் வருகிறது என்கிறீர்களா? நம் போடிநாயக்கனூரில் ஏலக்காய்க்கென்றே ஏலம் நடக்கிறது. விலை ஏறுவதும் இறங்குவதும் அங்கேயே பார்க்கும் காட்சி. வீட்டில் பாயசத்துக்கு ஏலக்காய் உரித்தால் தோலை எறியாதீர்கள். அதைத் தேயிலை டப்பாவிலோ சர்க்கரை டப்பாவிலோ போட்டு வையுங்கள். நாலு நாளில் டப்பாவே மணக்கும்.

மும்பைக் காய்கறிச் சந்தையில் நீண்ட பச்சைப் புல்லைக் கட்டாக விற்பதைக் காணலாம். மராத்தியில் அதற்கு 'கவதி சஹா', அதாவது 'புல் டீ' என்றே பெயர். நாம் எலுமிச்சம்புல் என்கிறோம். இரண்டு இதழை முடிந்து, தண்ணீர் கொதிக்கும்போதே போடவேண்டும். நாலு புதினா இலை சேர்ப்பதானால், அது ஏலக்காயோடு கடைசியில் போகட்டும். தொட்டியில் வைத்தாலே வளரும் இந்தப் புல்லுக்குச் செலவே இல்லை.

தூளைச் சோதியுங்கள்

மசாலாவின் காரத்தில் மட்டமான தூளின் குறை மறைந்துவிடும். ஆகையால் வாங்கும்போதே எச்சரிக்கை வேண்டும். பயன்படுத்திய இலையைக் காயவைத்துச் சாயமேற்றி விற்பவர்களும் உண்டு. வெள்ளை ஒற்றுத்தாளில் சிறிது தூளைத் தூவி, குளிர்ந்த தண்ணீரைச் சில சொட்டு விடுங்கள். பிறகு தாளைக் கழுவி, வெளிச்சத்தில் பாருங்கள். பளிச்சென்று கறை தெரிந்தால் சாயம் கலந்திருக்கிறது என்று அர்த்தம். தூளின்மேல் ஒரு காந்தத்தை ஓட்டினால் இரும்புத் துகள் இருந்தாலும் ஒட்டிக்கொள்ளும்.

சாப்பாட்டோடு வேண்டாம்

இனி, ருசியைவிட முக்கியமான ஒரு விஷயம். 2019-21-ல் நடந்த தேசியக் குடும்ப நல ஆய்வில், 15 முதல் 49 வயதுவரையுள்ள இந்தியப் பெண்களில் நூற்றுக்கு 57 பேர் இரத்தசோகை உள்ளவர்கள் என்று தெரிய வந்தது. இதற்குக் காரணங்கள் பல. டீமீது மட்டும் பழி போடுவது நியாயமல்ல. ஆனால் கீரையிலும் தானியத்திலும் பருப்பிலும் உள்ள இரும்புச் சத்தைத் தேயிலையின் துவர்ப்புச் சத்து கட்டிப்போட்டுவிடுகிறது, உடம்பில் சேரவிடுவதில்லை. கீரையும் சோறும் சாப்பிட்ட கையோடு டீ குடித்தால், கீரைக்குக் கொடுத்த காசில் பாதி வீண்.

சாப்பாட்டுக்கு முன்னும் பின்னும் குறைந்தது ஒரு மணி நேரம் டீயைத் தவிர்க்கும்படி இந்திய மருத்துவ ஆராய்ச்சிக் கழகம் 2024-ல் யோசனை கூறியிருக்கிறது. ஒரு கோப்பை டீயில் 30 முதல் 65 மில்லிகிராம்வரை கஃபீன் உண்டு. நாளொன்றுக்கு எல்லாம் சேர்த்து 300 மில்லிகிராமைத் தாண்டக்கூடாது என்பதும் அதே யோசனை. கர்ப்பிணிகளும் வளரும் பெண்களும் இதில் கூடுதல் கவனமாக இருப்பது நல்லது.

பல வீடுகளில் காலை ஆகாரத்துக்கு நேரமில்லாத தாய்மார்கள் ஒரு டம்ளர் டீயோடு பசியை அடக்கிக்கொள்கிறார்கள். பாலும் சர்க்கரையும் பசியைத் தள்ளிப்போடுமே தவிர, ஆகாரம் ஆகிவிடாது. முதலில் இரண்டு இட்லி. ஒரு மணி நேரம் கழித்து மசாலா டீ. எல்லாருக்கும் காய்ச்சி ஊற்றுகிற கைக்கு அந்த ஒரு மணி நேரம் கிடைக்கும்படி பார்த்துக்கொள்வது வீட்டிலுள்ள மற்றவர்களின் கடமை. குழந்தைகள் கேட்டால் தேயிலை இல்லாமலே இஞ்சியும் ஏலக்காயும் போட்டுப் பால் காய்ச்சிக் கொடுங்கள். மணம் அதேதான், தூக்கமும் கெடாது.

இலையை அள்ளிப் போடுவதால் டீ நன்றாக வந்துவிடாது. குறைந்த இலையும் சரியான வரிசையும், குடிக்கத் தகுந்த நேரமும் கூடினால் நாவுக்கும் நல்லது, உடம்புக்கும் நல்லது, வீட்டுக் கணக்குக்கும் நல்லது.