கூர்மையான திரை, தடுமாறும் விளையாட்டு

சில ஆண்டுகளுக்கு முன் வாங்கிய உயர்விலைக் கைப்பேசியில் இன்றைய முப்பரிமாண விளையாட்டு ஒன்றைத் திறந்தால் படம் விட்டுவிட்டு நகர்வதற்கும், விரல் தொட்ட பிறகு சற்றுத் தாமதித்தே பாத்திரம் அசைவதற்கும், சிறிது நேரத்திலேயே கைப்பேசியின் பின்பக்கம் சூடேறுவதற்கும் செயலி பழசாகிவிட்டதே காரணம் என்று பொதுவாகச் சொல்லப்படுகிறது. இது பாதி உண்மையே. அந்தச் செயலியிடம் எவ்வளவு வேலை கேட்கப்படுகிறது என்பதும் அதே அளவு முக்கியம். அந்த வேலையின் பெரும்பகுதியை முடிவுசெய்வது, கைப்பேசி சந்தைக்கு வந்தபோது அதன் தலையாய சிறப்பாக விளம்பரப்படுத்தப்பட்ட திரையின் தெளிவுத்திறன்.

தெளிவுத்திறன் என்பது திரையில் அகலவாக்கிலும் உயரவாக்கிலும் எத்தனை பிக்சல்கள், அதாவது தனித்தனியே நிறமேற்கும் மிகச்சிறு புள்ளிகள், உள்ளன என்பதைக் குறிக்கும் அளவு. ஹெச்டி எனப்படும் 1280×720 திரையில் 9,21,600 பிக்சல்களும், ஃபுல் ஹெச்டி எனப்படும் 1920×1080 திரையில் 20,73,600 பிக்சல்களும், குவாட் ஹெச்டி எனப்படும் 2560×1440 திரையில் 36,86,400 பிக்சல்களும் இருக்கின்றன. 720, 1080, 1440 என்ற பெயர்களைக் கேட்கும்போது ஒரே சீரான ஏற்றம் போலத் தோன்றினாலும், அகலமும் உயரமும் சேர்ந்தே வளர்வதால், 720 இருமடங்காகி 1440 ஆகும்போது பிக்சல் எண்ணிக்கை நான்கு மடங்காகிவிடுகிறது என்பதை இங்கே மனத்தில் கொள்ள வேண்டும்.

இந்தப் பெருக்கம் யார் தலையில் விழுகிறது என்பதை அறிய, விளையாட்டின் ஒரு காட்சி திரைக்கு வரும் வழியைப் பார்க்க வேண்டும். பாத்திரம் எங்கே நிற்கிறது, எதிரி என்ன செய்கிறான், குண்டு சுவரில் பட்டதா என்பவற்றையெல்லாம் மையச் செயலி கணக்கிட்டு, வரைய வேண்டியவற்றின் பட்டியலை ஜிபியு எனப்படும் வரைகலைச் செயலியிடம் ஒப்படைக்கிறது. ஜிபியு முதலில் அப்பொருள்களின் முக்கோண வடிவங்களைத் திரையில் உரிய இடங்களில் பொருத்துகிறது. இந்தக் கட்டம் வரை தெளிவுத்திறனால் வேலை அதிகம் மாறுவதில்லை. அதன்பின், ஒவ்வொரு முக்கோணமும் மூடும் ஒவ்வொரு பிக்சலுக்கும் ஷேடர் என்ற சிறு நிரலை இயக்கி, ஒளி, நிழல், மேற்பரப்பின் இழைநயம் ஆகியவற்றைக் கணக்கிட்டு நிறத்தை முடிவுசெய்கிறது. பிக்சல் எண்ணிக்கை ஏறினால் இந்த நிரல் இயங்கும் தடவைகளும் அதே விகிதத்தில் ஏறுகின்றன. புகை, தீ, இலைக்கூட்டம், கண்ணாடி போன்று ஒன்றன்மேல் ஒன்றாகப் படியும் காட்சிகளில் ஒரே பிக்சலுக்குப் பலமுறை நிறம் கணக்கிட நேர்வதாலும், மங்கலாக்கம், ஒளிப்பரவல் போன்ற மெருகூட்டல்கள் முழுத் திரையையும் மீண்டும் மீண்டும் கடந்து செல்வதாலும், போர்க்களக் காட்சியில் வெடிப்பு நிகழும் கணத்தில்தான் பழைய கைப்பேசி மிகவும் திணறுகிறது.

இதற்குக் கிடைக்கும் கால அவகாசமோ மிகக் குறைவு. நொடிக்கு 60 ஃபிரேம்கள், அதாவது 60 முழுப் படங்கள், காட்டப்பட வேண்டுமானால் ஒவ்வொன்றும் சுமார் 16.7 மில்லிநொடிக்குள் முடிய வேண்டும். நொடிக்கு 60 முறை தன்னைப் புதுப்பித்துக்கொள்ளும் திரை, உரிய நேரத்தில் புதிய ஃபிரேம் வந்து சேராவிட்டால் பழைய படத்தையே இன்னொரு முறை காட்டுகிறது. ஆகவே 17 மில்லிநொடியில் முடிந்த வேலையும் 33 மில்லிநொடி வரை காத்திருக்க நேரிட்டு, வேகம் 30 ஃபிரேமுக்குச் சரியக்கூடும். எடுத்துக்காட்டாக, பிக்சல் வேலைக்கு மட்டும் 1440 தெளிவுத்திறனில் 24 மில்லிநொடி பிடிக்கும் ஒரு காட்சியைக் கருதினால், அதே வேலை 1080-இல் 13.5 மில்லிநொடியிலும் 720-இல் 6 மில்லிநொடியிலும் முடியும். முதலாவது கெடுவைத் தவறவிடுகிறது, இரண்டாவது நெருக்கிப் பிடிக்கிறது, மூன்றாவதில் ஜிபியுவுக்கு இளைப்பாறவும் நேரம் மிஞ்சுகிறது.

அந்த இளைப்பாறுதல் வெறும் உபரியல்ல. பெரும்பாலான கைப்பேசிகளுக்கு மின்விசிறி இல்லை. மையச் செயலியும் ஜிபியுவும் அடங்கிய சிப்பில் எழும் வெப்பம் மெல்லிய உடற்பகுதி வழியாகவே வெளியேற வேண்டியிருப்பதால், வெப்பநிலை ஓர் எல்லையைத் தாண்டியதும் சிப் தானாகவே தன் வேகத்தைக் குறைத்துக்கொள்கிறது. விளையாட்டின் முதல் சில நிமிடங்கள் வழுக்கிக்கொண்டு ஓடி, அதன்பின் தடுமாறத் தொடங்குவது பெரும்பாலும் இதனால்தான். நினைவகப் போக்குவரத்தும் இந்த வெப்பத்தில் பங்குகொள்கிறது. ஒரு பிக்சலுக்கு 4 பைட் என்று கொண்டால் 1440 தெளிவுத்திறனில் ஒரு ஃபிரேம் ஏறக்குறைய 14.7 மெகாபைட், நொடிக்கு 60 தடவை அதை எழுதவே 885 மெகாபைட் அளவுக்குத் தரவு நகர வேண்டும், திரைக்கு அனுப்ப அதை மறுபடி படிக்கவும் வேண்டும். 720-இல் இந்த எழுத்துவேலை நொடிக்கு 221 மெகாபைட்டில் அடங்கிவிடுகிறது. கைப்பேசியில் மையச் செயலியும் ஜிபியுவும் ஒரே நினைவகத்தைப் பகிர்ந்துகொள்வதால், ஒன்று கூடுதலாக இழுப்பது மற்றொன்றுக்குக் கிடைப்பதைக் குறைக்கிறது.

திரை முன்னே ஓட, சிப் பின்தங்கிய தருணங்களைக் கைப்பேசி வரலாற்றில் தெளிவாக அடையாளம் காணலாம். 2010-இல் வந்த ஐஃபோன் 4, தனக்கு முந்தைய 3ஜிஎஸ் கைப்பேசியின் 480×320 திரையை 960×640 ஆக்கிப் பிக்சல்களை நான்கு மடங்காக்கியது; இரண்டிலும் இருந்த ஜிபியு பவர்விஆர் எஸ்ஜிஎக்ஸ்535 என்ற ஒரே வகை. 2012-இல் மூன்றாம் தலைமுறை ஐபேட் 1024×768-இலிருந்து 2048×1536-க்குத் தாவியபோது, ஆப்பிள் நிறுவனம் ஜிபியு கருக்களை, அதாவது அதன் கணக்கீட்டு அலகுகளை, இரண்டிலிருந்து நான்காக்கியது. பிக்சல் நான்கு மடங்கு, கரு இரண்டு மடங்கு என்ற அந்த இடைவெளியோடு வந்த கருவியின் இடத்தை, அதே ஆண்டு அக்டோபரில் இன்னும் வலிய சிப்புடன் அடுத்த ஐபேட் எடுத்துக்கொண்டது.

ஆண்ட்ராய்டு உலகில் இதைவிடத் துலக்கமான எடுத்துக்காட்டு எல்ஜி ஜி3. 2013-இல் வந்த ஜி2 கைப்பேசியில் 1080 திரையும் ஸ்னாப்டிராகன் 800 சிப்பும் இருந்தன. 2014-இல் வந்த ஜி3-இல் 1440 திரையும் ஸ்னாப்டிராகன் 801 சிப்பும் இருந்தன. சிப்பின் பெயர் மாறினாலும் ஜிபியு இரண்டிலும் அட்ரினோ 330 தான். அதன் கடிகார வேகம் 450 மெகாஹெர்ட்ஸிலிருந்து 578 மெகாஹெர்ட்ஸாக, ஏறத்தாழ 28 விழுக்காடு, உயர்ந்திருந்தது. பிக்சல்களோ 78 விழுக்காடு உயர்ந்திருந்தன. ஆக, ஒவ்வொரு பிக்சலுக்கும் கிடைத்த வரைகலை ஆற்றல் புதிய கைப்பேசியில் பழையதைவிடக் குறைந்துபோனது. விலை கொடுத்து மேலே ஏறியவர் விளையாட்டைப் பொறுத்தவரை ஒரு படி கீழே இறங்கினார் என்பதுதான் இதன் பொருள். எண்களை வைத்து நடந்த அந்தக் காலப் போட்டியின் செலவைச் சுமந்தது பயனரே என்று சொல்வதில் தவறில்லை.

இதன் மறுபக்கத்தை 2018-இன் ஐஃபோன் எக்ஸ்ஆர் காட்டுகிறது. 1792×828 என்ற அதன் திரை அப்போது பலரால் குறைசொல்லப்பட்டது. ஆனால் விலை கூடிய எக்ஸ்எஸ் கைப்பேசியிலிருந்த அதே ஏ12 சிப், ஏறக்குறைய பாதியளவு பிக்சல்களை மட்டும் நிரப்பினால் போதும் என்பதால், விளையாட்டுக்கு அதில் கூடுதல் இடமிருந்தது. திரையால் நேரும் இந்த வேறுபாட்டை அளக்க விரும்புவோருக்கு ஜிஎஃப்எக்ஸ்பெஞ்ச் என்ற சோதனை மென்பொருள் உதவும். அது ஒரே காட்சியைக் கைப்பேசியின் சொந்தத் தெளிவுத்திறனில் ஒருமுறையும், திரைக்கு வெளியே நிலையான 1080 தெளிவுத்திறனில் ஒருமுறையும் ஓட்டி இரு மதிப்பெண்களைத் தருகிறது. 1440 திரையுள்ள பழைய கைப்பேசியில் முதல் மதிப்பெண் இரண்டாவதைவிட எவ்வளவு குறைகிறதோ, அவ்வளவு அந்தத் திரை வசூலிக்கும் கட்டணம்.

அந்தக் கட்டணத்துக்கு ஈடாகக் கண்ணுக்கு என்ன கிடைக்கிறது? இயல்பான பார்வையுள்ள கண் ஒரு பாகையின் அறுபதில் ஒரு பங்கு அளவுள்ள நுணுக்கத்தைப் பிரித்தறியும் என்ற வழக்கமான கணக்கின்படி, 30 சென்டிமீட்டர் தொலைவில் அங்குலத்துக்குச் சுமார் 290 பிக்சல்கள் இருந்தால் தனிப்புள்ளிகள் புலப்படுவதில்லை. கூரிய பார்வை உடையவர்கள் இதற்கு மேலும் வேறுபாடு காண்பார்கள், நுண்ணிய எழுத்துகளைப் படிக்கையில் அது பயன்படவும் செய்யும். எனினும் 5.1 அங்குலத் திரையில் 1440 என்பது அங்குலத்துக்கு 577 பிக்சல்கள். வேகமாக நகரும் முப்பரிமாணக் காட்சியில் அதற்கும் 1080-க்கும் உள்ள வேறுபாட்டைக் காண்பது அரிது. சோனி நிறுவனமே 2015-இல் 3840×2160 திரையுடன் வெளியிட்ட எக்ஸ்பீரியா இசட்5 பிரீமியம் கைப்பேசியில், படங்களையும் காணொளிகளையும் தவிர்த்த பெரும்பாலான பணிகளை 1080 தெளிவுத்திறனிலேயே இயங்கவிட்டது.

பயனர் தெளிவுத்திறனைக் குறைக்க மூன்று வழிகள் உள்ளன. விளையாட்டின் அமைப்புகளிலேயே அதற்கான தெரிவு இருந்தால் அதுவே சிறந்தது, ஏனெனில் முப்பரிமாணக் காட்சி மட்டும் சிறிதாக வரையப்பட்டுப் பெரிதாக்கப்பட, எழுத்தும் பொத்தான்களும் கூர்மை குன்றாமல் இருக்கும். ஃபோர்ட்நைட், கென்ஷின் இம்பாக்ட் போன்றவை இத்தகைய தெரிவைத் தருகின்றன. இரண்டாவது, கைப்பேசியின் திரை அமைப்பு. சாம்சங் கேலக்ஸி எஸ்7 கைப்பேசிக்கு 2017-இல் வந்த ஆண்ட்ராய்டு நூகட் மேம்படுத்தல் ஹெச்டி, ஃபுல் ஹெச்டி, குவாட் ஹெச்டி என்ற மூன்று தெரிவுகளைத் தந்தது. அதே ஆண்டின் எஸ்8, 2960×1440 திரை இருந்தும், 2220×1080 அமைப்பிலேயே பெட்டியிலிருந்து வெளிவந்தது. மூன்றாவதாக, ஆண்ட்ராய்டில் டெவலப்பர் தெரிவுகளைத் திறந்து, கணினியுடன் இணைத்துக் கட்டளை வழியாகத் திரையளவை மாற்றலாம். இதில் எழுத்தின் பருமனை நிர்ணயிக்கும் அடர்த்தி எண்ணையும் அதே விகிதத்தில் குறைக்க வேண்டும், பழைய நிலைக்கு மீட்கும் கட்டளையையும் முன்கூட்டியே குறித்துவைத்துக்கொள்ள வேண்டும். சில கைப்பேசிகளில் திரையின் ஓரம் வெட்டுப்படுவதும் தொடுதல் இடம் தவறுவதும் உண்டு. எந்த வழியிலும் திரையின் உண்மையான புள்ளிகள் குறைவதில்லை; சிறிதாக வரைந்த படம் அவற்றின்மீது விரித்துக் காட்டப்படுகிறது, அவ்வளவே. ஆகவே திரையின் ஒளிக்கான மின்செலவு அப்படியே இருக்கும். மிச்சமாவது வரையும் வேலைக்கான மின்சாரம்.

தெளிவுத்திறனைக் குறைத்தும் ஃபிரேம் வேகம் அசையவில்லை என்றால், தடை ஜிபியுவில் இல்லை, பெரும்பாலும் மையச் செயலியில் இருக்கிறது என்று கொள்ளலாம். நூறு வீரர்கள் ஒரே களத்தில் மோதும் விளையாட்டில் அவர்கள் ஒவ்வொருவரின் நகர்வையும் கணக்கிடும் வேலை, திரை எவ்வளவு சிறிதானாலும் குறைவதில்லை. அங்கே காட்சி எல்லைத் தூரத்தையும் நிழல்களையும் குறைப்பது ஓரளவு கைகொடுக்கும். ஆயினும் இரு செயலிகளும் ஒரே சிப்பின் வெப்ப வரம்புக்குள் இயங்குவதால், ஜிபியுவின் சூடு தணிந்தால் மையச் செயலி நீண்ட நேரம் வேகம் தக்கவைக்கும் என்ற மறைமுகப் பயன் அப்போதும் உண்டு. நினைவகம் போதாமல் விளையாட்டு மூடிக்கொள்வதையோ, முதுமையடைந்த மின்கலத்தையோ தெளிவுத்திறனால் சரிசெய்ய முடியாது.

கைப்பேசி நிறுவனங்கள் இப்பாடத்தை ஓரளவு ஏற்றுக்கொண்டுவிட்டன. 2020-இன் கேலக்ஸி எஸ்20-இல் இருந்த 1440 திரை, 2021-இன் எஸ்21-இல் 1080 வகைக்குத் திரும்பியது. ஆண்ட்ராய்டு 12 முதல் விளையாட்டுகளின் தெளிவுத்திறனை இயங்குதளமே குறைத்துத் தரும் வசதி சேர்க்கப்பட்டது. குவால்காம் 2023-இலும் ஆர்ம் 2024-இலும், குறைந்த பிக்சல்களில் வரைந்த படத்தைக் கூர்மை கெடாமல் பெரிதாக்கும் நுட்பங்களை விளையாட்டு உருவாக்குநர்களுக்கு அளித்தன. ஆனால் புதிய இயங்குதளம் வந்துசேராத பழைய கைப்பேசிகளுக்கு இவற்றால் கிடைக்கும் பயன் சொற்பம்; அவற்றை வைத்திருப்போர் விளையாட்டை உருவாக்குவோரின் அக்கறையையே நம்பியிருக்கின்றனர். நிழல், இழைநயம், தெளிவுத்திறன் எல்லாவற்றையும் "குறைவு, நடுத்தரம், அதிகம்" என்ற ஒரே தெரிவுக்குள் அடைத்துவைக்காமல், தெளிவுத்திறனை மட்டும் தனியே ஏற்றி இறக்கும் அமைப்பை ஒவ்வொரு விளையாட்டிலும் தர வேண்டும் என்று பயனர்கள் கேட்பது முற்றிலும் நியாயமானது. அதை அமைத்துத் தரத் தேவையான வசதிகள் யூனிட்டி, அன்ரியல் ஆகிய விளையாட்டு உருவாக்கத் தளங்களில் ஏற்கெனவே இருக்கின்றன.